சங்கத் தேர்தலில் முறைகேடு: துணைப்பதிவாளரிடம் போவதா, உயர் நீதிமன்றம் போவதா?

2013 ஏப்ரலில் எங்கள் ஊர்த் தொடக்க வேளாண்மை கூட்டுறவு கடன் சங்கத்துக்குத் தேர்தல் வந்தபோது, பெரியப்பா நிர்வாகக் குழுவுக்கு நிற்பதென்று முடிவு செய்தார். முப்பது வருட உறுப்பினர். ஒரு தவணை பாக்கி வைத்ததில்லை. மனுத்தாக்கல் நாளன்று பூர்த்தி செய்த படிவத்தோடு காலையிலேயே போனார். சங்க அலுவலகம் பூட்டிக் கிடந்தது. மதியம் தாண்டியும் நின்று பார்த்துவிட்டு வீட்டுக்கு வந்தார். மறுநாள் போய்க் கேட்டால், "நேரம் முடிஞ்சு போச்சுங்க, எல்லாரும் போட்டியில்லாம வந்தாச்சு" என்றார்கள்.

அன்று சாயங்காலம், "பெரியப்பா, நீங்க மனுவோட போனதுக்கு ஏதாவது அத்தாட்சி இருக்கா? தபால்லயாவது ஒண்ணு அனுப்பினீங்களா?" என்று கேட்டேன். "நம்ம சங்கத்துக்கு நாமளே ஏம்மா தபால் போடணும்?" என்றார். அந்த ஒரு தபால் இல்லாமல் ஐந்து வருடம் அலைந்தோம்.

முதலில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அரசு அலுவலர்களுக்கு உத்தரவிடச் சொல்லி நேரடியாகக் கேட்கும் மனு. சில மாதம் கழித்து, சட்டத்தில் வேறு வழி இருக்கிறது, அங்கே போங்கள் என்று முடித்துவிட்டார்கள். அப்புறம் கூட்டுறவுத் துறையின் துணைப்பதிவாளரிடம் தாவா, அதாவது தகராறு வழக்கு. வாய்தா மேல் வாய்தா. 2018 தேர்தல் அறிவிப்பு வந்தபோதும் தாவா முடியவில்லை. பதவிக்காலமே தீர்ந்துவிட்டதால் விசாரிக்க ஒன்றுமில்லை என்று கோப்பை மூடினார்கள்.

நான் வக்கீல் இல்லை. அந்த ஐந்து வருடமும் பெரியப்பாவின் காகிதக் கட்டைத் தூக்கிக்கொண்டு கூடவே நடந்தவள். எந்த வழி எதற்கு உதவும் என்பதை அப்போது யாராவது எங்களுக்கு உட்கார்ந்து சொல்லியிருந்தால் இரண்டு வருடமாவது மிஞ்சியிருக்கும். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

இது சின்ன விஷயம் என்று நினைப்பவர்களுக்கு ஒன்று. தமிழ்நாட்டில் இந்தக் கடன் சங்கங்கள் மட்டும் 4,400க்கு மேல் இருக்கின்றன. பயிர்க்கடன், நகைக்கடன், உரம், பல ஊர்களில் ரேஷன் கடை, எல்லாம் இவற்றின் வழியாகத்தான். 2021 பிப்ரவரியில் அரசு 12,110 கோடி ரூபாய் பயிர்க்கடனைத் தள்ளுபடி செய்தது. 16.43 லட்சம் விவசாயிகளுக்குக் கிடைத்தது. அந்தக் கணக்கில் யார் பெயர் வந்தது, யார் பெயர் வராமல் போனது என்று பார்த்தால், தள்ளுபடிக்கு முந்தைய வருடங்களில் சங்கத்தில் யாருக்குக் கடன் பாஸானது என்ற கேள்வியில் போய் நிற்கும். கடன் மனுவைப் பாஸ் செய்வது நிர்வாகக் குழு. அந்தக் குழுவைத் தேர்ந்தெடுப்பதுதான் இந்தத் தேர்தல். உறுப்பினர்கள் குழுவைத் தேர்ந்தெடுக்கிறார்கள், குழு தனக்குள்ளிருந்து தலைவரையும் துணைத் தலைவரையும் தேர்ந்தெடுக்கிறது.

சரி, முறைகேடு நடந்துவிட்டது. எங்கே போவது?

பிரிவு 90

தமிழ்நாடு கூட்டுறவு சங்கங்கள் சட்டம், 1983. அதன் 90வது பிரிவுதான் சட்டம் காட்டும் நேர்வழி. சங்கத்தின் நிர்வாகக் குழு அமைந்த விதம், நிர்வாகம், தொழில் ஆகியவை பற்றிய தகராறு எதுவானாலும் பதிவாளரிடம் போக வேண்டும் என்கிறது அது. நடைமுறையில் பதிவாளர் என்றால் உங்கள் சரகத்தின் துணைப்பதிவாளர். பால் உற்பத்தியாளர் சங்கமாக இருந்தால் பால்வளத் துறையின் துணைப்பதிவாளர். அவரே விசாரிக்கலாம், இன்னொரு அலுவலரிடமும் ஒப்படைக்கலாம்.

இதில் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது, முடிவு அறிவிக்கும் வரை இந்தக் கதவு திறக்காது. தேர்தல் சம்பந்தப்பட்ட தாவாவை முடிவு அறிவிப்புக்கு முன்னால் எடுக்கக்கூடாது என்று அந்தப் பிரிவே சொல்கிறது. வேட்புமனுவை வாங்க மறுத்த அன்றைக்கே துணைப்பதிவாளரிடம் தாவா போட ஓடினால் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

இந்த வழியின் பெரிய பலம், இங்கே சாட்சி விசாரணை உண்டு. மனுத்தாக்கல் நாளில் கதவு பூட்டியிருந்ததா என்பதற்கு எதிர்க்கடை டீக்கடைக்காரரைச் சாட்சியாகக் கொண்டுவரலாம். செயலாளரைக் குறுக்கு விசாரணை செய்யலாம். மனுப் பதிவேட்டையும் ஓட்டுச்சீட்டுக் கட்டுகளையும் வரவழைக்கச் சொல்லலாம். செலவும் குறைவு. மாவட்டத்துக்குள்ளேயே வேலை முடியும்.

பலவீனம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். தேர்தலை நடத்துவது கூட்டுறவுத் துறையின் ஆட்கள். தாவாவை விசாரிப்பதும் அதே துறையின் ஆள். நேற்று தேர்தல் அலுவலராக உட்கார்ந்திருந்தவர், இன்று விசாரிப்பவருக்குக் கீழே வேலை செய்பவராக இருப்பார். எல்லோரும் மோசம் என்று நான் சொல்லவில்லை. ஒரு நல்ல சார்பதிவாளர் எங்களுக்கு ஒரு மதியம் முழுக்க உட்கார்ந்து பதிவேடுகளைப் படித்துக் காட்டினார், அதை மறக்க மாட்டேன். ஆனால் அமைப்பே அப்படி இருக்கும்போது நம்பிக்கை வர வேண்டும் என்று எதிர்பார்ப்பது கஷ்டம். விசாரிப்பவருக்கு அந்தத் தேர்தலோடு நேரடித் தொடர்பு இருந்தால், வேறு அலுவலருக்கு மாற்றக் கேட்டு முதல் வாய்தாவிலேயே எழுத்தில் கொடுங்கள். தீர்ப்பு பாதகமாக வந்த பிறகு அதைச் சொன்னால் எடுபடாது.

துணைப்பதிவாளர் தீர்ப்பு பிடிக்கவில்லையென்றால் கூட்டுறவுத் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு. அங்கே உட்காருவது மாவட்ட நீதித்துறையைச் சேர்ந்த நீதிபதி. துறைக்கு வெளியே உள்ள ஒருவர் உங்கள் சாட்சியங்களைப் பார்ப்பது முதன்முதலாக அங்கேதான். அதனால் கீழே தோற்போம் என்று தெரிந்தாலும், பதிவில் ஏற்ற வேண்டியதையெல்லாம் கீழேயே ஏற்றிவிட வேண்டும். அதற்கும் மேலே அரசியலமைப்பின் 227வது பிரிவின்படி உயர் நீதிமன்றம் பார்க்கும், ஆனால் சாட்சியத்தைப் புதிதாக எடை போடாது.

ரிட் மனு

ஊரில் எல்லோரும் சொல்வது "ஹைகோர்ட்டுக்குப் போய் ஸ்டே வாங்கு" என்பதுதான். கௌரவமான யோசனையாகத் தெரியும். நாங்களும் அதைத்தான் செய்தோம்.

அரசியலமைப்பின் 226வது பிரிவின்படி உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் இருக்கிறதா என்றால் இருக்கிறது. சட்டமன்ற, நாடாளுமன்றத் தேர்தலுக்கு அரசியலமைப்பின் 329வது பிரிவு நேரடித் தடை போட்டிருக்கிறது. உள்ளூர்க் கூட்டுறவு சங்கத் தேர்தலுக்கு அப்படியொரு தடை இல்லை. ஆனாலும் நீதிமன்றங்கள் அதே கட்டுப்பாட்டைத் தாங்களே போட்டுக்கொள்கின்றன. அந்தக் கட்டுப்பாட்டின் வேர் நம் ஊரில்தான் இருக்கிறது. முதல் பொதுத் தேர்தலில் அன்றைய சேலம் மாவட்டம் நாமக்கல் தொகுதியில் என்.பி. பொன்னுசாமி என்பவரின் வேட்புமனுவைத் தள்ளுபடி செய்தார்கள். அவர் சென்னை உயர் நீதிமன்றம் போனார், அங்கிருந்து உச்ச நீதிமன்றம் போனார். 1952 ஜனவரியில் தீர்ப்பு வந்தது: தேர்தல் என்பது அறிவிப்பிலிருந்து முடிவு வரை ஒரே ஓட்டம், நடுவில் நிறுத்தக்கூடாது, குறை இருந்தால் முடிந்த பிறகு தேர்தல் மனு போடுங்கள். எழுபது வருடம் தாண்டியும் இன்று ஒரு சங்க உறுப்பினரின் ரிட் மனுவுக்கு எதிராக அரசு வக்கீல் எடுத்து வைப்பது இந்த வாதத்தைத்தான்.

வாக்காளர் பட்டியல் பிரச்சினை தேர்தலுக்கு முந்தையது, அதை நடுவில் கேட்கலாமே என்று தோன்றும். மகாராஷ்டிரத்தில் ஒரு பால் உற்பத்தியாளர் சங்கம் அதைத்தான் கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனது. 2001ல் பதில் வந்தது: பட்டியல் தயாரிப்பதும் தேர்தல் நடவடிக்கையின் ஒரு கட்டம்தான், அதற்காகத் தேர்தலை நிறுத்த வேண்டியதில்லை, பின்னால் தேர்தல் மனுவில் எழுப்பலாம். கூட்டுறவு சங்க வழக்குகளில் அடிக்கடி காட்டப்படும் தீர்ப்பு இது.

ரிட் மனுவின் இன்னொரு குறை, அங்கே சாட்சிக்கூண்டு இல்லை. எல்லாம் பிரமாணப் பத்திரத்தில் நடக்கிறது. "கதவு பூட்டியிருந்தது" என்று நீங்கள் சத்தியம் செய்வீர்கள். "திறந்திருந்தது, யாரும் வரவில்லை" என்று தேர்தல் அலுவலர் சத்தியம் செய்வார். இரண்டு சத்தியத்தில் எது உண்மை என்று நீதிபதி எப்படிக் கண்டுபிடிப்பார்? போய் சாட்சியோடு நிரூபியுங்கள் என்று பிரிவு 90க்கு அனுப்புவார். எங்களுக்கு நடந்தது அதுதான். அன்று மனம் உடைந்தது உண்மை, ஆனால் சட்டப்படி அதுதான் சரியான உத்தரவு என்று இப்போது புரிகிறது.

அப்படியானால் 2018ல் மட்டும் எப்படித் தேர்தலே நின்றது என்று கேட்பீர்கள். அந்த வருடம் பதினெட்டாயிரத்துக்கும் மேற்பட்ட சங்கங்களுக்குக் கட்டம் கட்டமாகத் தேர்தல் நடந்தபோது, வேட்புமனு வாங்கவில்லை, அலுவலரையே காணோம் என்று மாவட்டம் மாவட்டமாகப் புகார் கிளம்பியது. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இடைக்காலத் தடை விதித்தது. உச்ச நீதிமன்றம் வரை போய், தேர்தல் தொடர்ந்தாலும் முடிவுகள் சில மாதம் வெளியாகாமல் நின்றன. அது ஒரே மாதிரியான முறைகேடு மாநிலம் முழுக்க நடக்கிறது என்ற குற்றச்சாட்டின் மேல் வந்த தடை. ஒரு ஊர், ஒரு சங்கம், ஒரு மனு என்று போகிறவர் அதைக் காட்டி எனக்கும் தடை கொடுங்கள் என்று கேட்டால் கிடைப்பது அபூர்வம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். தடை கிடைத்தாலே வெற்றி என்று நினைக்காதீர்கள். தேர்தல் நின்றால் சங்கம், குழுவுக்குப் பதிலாக அரசு அமர்த்தும் தனி அலுவலர் கைக்குப் போகும். 2018ல் வந்த குழுக்களின் காலம் 2023ல் முடிந்த பிறகு சங்கங்களில் தனி அலுவலர்கள்தான் உட்கார்ந்தார்கள். உறுப்பினர் கேள்வி கேட்க ஒரு நிர்வாகக் குழு இல்லாத நிலை அது. கள்ளத்தனமாக வந்த குழுவைவிட அது மேல் என்று சிலர் சொல்வார்கள். என்னால் அதை ஏற்க முடியவில்லை.

ஆனால் ரிட் மனு வீண் என்று நான் சொல்ல வரவில்லை. நிறுத்து என்று கேட்காமல், நடத்து என்று கேட்டால் அதற்கு நல்ல பலம் இருக்கிறது. "இந்த வேட்புமனுவை வாங்கிக்கொள்ளத் தேர்தல் அலுவலருக்கு உத்தரவிடுங்கள்", "வாக்குப்பதிவுக்குப் போலீஸ் பாதுகாப்பும் வீடியோ பதிவும் வேண்டும்", "உறுப்பினர் பட்டியல் நகல் கொடுக்கச் சொல்லுங்கள்". இப்படிச் சின்னதாக, தேர்தலை நேராக்கும் விதமாகக் கேட்கும் மனுவை நீதிமன்றம் வேறு கண்ணோடு பார்க்கிறது. தேர்தலைத் தடுக்காமல் அது ஒழுங்காக நடக்க உதவும் உத்தரவுகளைப் போடலாம் என்பதை உச்ச நீதிமன்றமே 2000ல் தேர்தல் ஆணையம் எதிர் அசோக் குமார் வழக்கில் ஒப்புக்கொண்டிருக்கிறது. நேரம்தான் முக்கியம். மனுத்தாக்கல் முடிவதற்குள் நீதிமன்றத்தில் இருக்க வேண்டும். நாங்கள் போட்டியின்றித் தேர்வு அறிவித்த பிறகு போனோம்.

யாரை எதிர்த்து ரிட் என்பதிலும் பலர் தவறுகிறார்கள். கூட்டுறவு சங்கம் பொதுவாக அரசின் அங்கமாகக் கருதப்படுவதில்லை. சங்கத்தை மட்டும் எதிர்மனுதாரராகப் போட்டால் மனு நிற்பதே சந்தேகம். தேர்தல் அலுவலர், துணைப்பதிவாளர், மாநில கூட்டுறவு சங்கங்களின் தேர்தல் ஆணையம் ஆகியோர் சட்டக் கடமை உள்ளவர்கள். உத்தரவு கேட்க வேண்டியது அவர்கள் மேல்.

தேர்தல் ஆணையத்துக்கு ஒரு புகார்

இதை ஒரு தனி வழியாக நான் எண்ணுவதில்லை. ஆணையம் உங்கள் புகாரில் நடவடிக்கை எடுத்தால் சந்தோஷம். எடுக்காவிட்டாலும் அந்தப் புகார் வேலை செய்யும். கடமையைச் செய்யச் சொல்லி நீதிமன்றம் உத்தரவிட வேண்டுமென்றால், நீங்கள் முதலில் கேட்டிருக்க வேண்டும், அவர்கள் மறுத்திருக்க வேண்டும் அல்லது பேசாமல் இருந்திருக்க வேண்டும். அதைக் காட்டும் காகிதம்தான் இந்தப் புகார். பின்னால் பிரிவு 90ல் "அன்றைக்கே ஏன் சொல்லவில்லை?" என்ற கேள்விக்குப் பதிலும் அதுவே. மின்னஞ்சலிலும் அனுப்புங்கள், ஸ்பீட் போஸ்டிலும் அனுப்புங்கள்.

முன்சீப் கோர்ட்டில் உறுத்துக் கட்டளை கேட்டு வழக்குப் போடச் சொல்பவர்களும் உண்டு. கூட்டுறவு சங்கங்கள் சட்டத்தின் பிரிவு 156 சிவில் நீதிமன்றத்தின் கையைக் கட்டியிருக்கிறது. பணத்தை அங்கே கரைக்காதீர்கள்.

நான் எதைத் தேர்ந்தெடுப்பேன்

நடந்த தப்பு எப்போது நடந்தது, அதற்குக் காகிதம் இருக்கிறதா என்ற இரண்டையும் வைத்துத்தான் முடிவு செய்ய வேண்டும்.

மனுவை வாங்க மறுக்கிறார்கள், கடைசி நேரம் இன்னும் தாண்டவில்லை என்றால், ஆணையத்துக்குப் புகார் அனுப்பிவிட்டு உடனே ரிட். வாங்கச் சொல் என்ற ஒரே கோரிக்கையோடு. பட்டியலில் பெயர் விட்டுப்போயிருந்தால் வரைவுப் பட்டியல் ஒட்டிய உடனே எழுத்தில் ஆட்சேபம், பங்குத்தொகை ரசீதை இணைத்து. அதையும் மறுத்தால்தான் மேலே. ஆட்சேபமே சொல்லாமல் தேர்தல் முடிந்த பிறகு பட்டியலைக் குறை சொன்னால் எந்த மன்றத்திலும் எடுபடாது.

பரிசீலனையில் மனுவைத் தள்ளிவிட்டால் அநேகமாகப் பிரிவு 90தான். இதில் தள்ளுபடிக்கான காரணத்தை எழுத்தில் வாங்கிவிட்டால் பாதி வழக்கு முடிந்தது. கடன் பாக்கி என்று சொல்லித் தள்ளினார்கள், உங்களிடம் கட்டிய ரசீது இருக்கிறது என்றால் சாட்சியே தேவையில்லை. இப்படித் தாள் மேலேயே தெரியும் தப்பாக இருந்தால் ரிட்டிலும் கேட்கலாம் என்று சில வக்கீல்கள் சொல்வார்கள். நான் என்றால் தாவாவில்தான் போடுவேன்.

ஓட்டு எண்ணிக்கை, கள்ள ஓட்டு, போட்டியின்றித் தேர்வு என்று பொய்யாக அறிவித்தது, இவையெல்லாம் சாட்சி கேட்கும் விஷயங்கள். பிரிவு 90ஐத் தவிர வேறு யோசனையே வேண்டாம். முடிவு அறிவித்த தேதியை முதலில் எழுதி வைத்துக்கொண்டு வக்கீலிடம் போங்கள். ஜெயித்ததாக அறிவிக்கப்பட்ட அத்தனை பேரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். ஒருவரை விட்டாலும், என்னைக் கேட்காமல் என் பதவியைப் பறிக்க முடியாது என்று அவர் வந்து நிற்பார், தாவா அங்கேயே ஆட்டம் காணும். ஓட்டுச்சீட்டுகளை அழிக்காமல் பாதுகாக்கச் சொல்லித் தாவாவோடேயே ஒரு மனு. இத்தனை ஓட்டு கள்ள ஓட்டு, வித்தியாசம் இத்தனைதான், ஆகவே முடிவே மாறியிருக்கும் என்று எண்ணிக்கையோடு சொல்ல வேண்டும். பொதுவாக "அராஜகம் நடந்தது" என்று எழுதினால் யாரும் தேர்தலை ரத்து செய்ய மாட்டார்கள்.

அப்புறம், எங்களுக்கு மிகத் தாமதமாகத் தெரிந்த ஒன்று. இரண்டு வழியையும் ஒன்றுக்கொன்று எதிராக நினைக்க வேண்டியதில்லை. தாவாவைத் துணைப்பதிவாளரிடம் போட்டுவிட்டு, அது இழுத்தடிக்கப்பட்டால், "இத்தனை வாரத்துக்குள் விசாரித்து முடிக்க உத்தரவிடுங்கள்" என்று மட்டும் கேட்டு உயர் நீதிமன்றத்தில் ரிட் போடலாம். யார் சொல்வது உண்மை என்ற சிக்கல் அதில் இல்லை. அதனால் இப்படிப்பட்ட உத்தரவு பெரும்பாலும் சீக்கிரம் கிடைக்கிறது. பதவிக்காலமே ஐந்து வருடம். தாமதம்தான் ஜெயித்தவரின் முதல் வக்கீல். அதை வெட்டுவதற்கு உயர் நீதிமன்றத்தைப் பயன்படுத்துங்கள், உண்மையை நிரூபிக்கத் தாவாவைப் பயன்படுத்துங்கள். 2013ல் நாங்கள் வரிசையை மாற்றிப் போட்டோம்.

பதிவேடு வாங்குவது பற்றி ஒரு வார்த்தை. தகவல் உரிமைச் சட்டத்தில் சங்கத்துக்கே மனு போட்டால், நாங்கள் பொது அதிகார அமைப்பு இல்லை என்று பதில் வரும். கேரளாவின் தலப்பலம் சேவைக் கூட்டுறவு வங்கி வழக்கில் 2013ல் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் சொன்னது. ஆனால் அதே தீர்ப்பு, பதிவாளர் சட்டப்படி சங்கத்திடமிருந்து பெறக்கூடிய தகவலை அவர் வழியாகக் கேட்கலாம் என்றும் சொல்கிறது. ஆகவே மனுவைத் துணைப்பதிவாளர் அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்குப் போடுங்கள். தேர்தல் அறிவிப்பின் நகல், மனுப் பதிவேடு, செல்லுபடியான வேட்பாளர் பட்டியல், எண்ணிக்கைத் தாள். நான்கையும் தனித்தனியாக எண்ணிட்டுக் கேளுங்கள்.

பெரியப்பாவுக்கு இப்போது எழுபத்தைந்து தாண்டிவிட்டது. அடுத்த தேர்தலில் நிற்கப் போவது பெரியப்பாவின் மகன், என் அண்ணன். போன வாரம் வீட்டுக்குப் போனபோது பெரியப்பா திண்ணையில் ஒரு பழைய பிஸ்கட் டப்பாவைத் திறந்து வைத்திருந்தார். உள்ளே அண்ணனின் பங்குத்தொகை ரசீது, உறுப்பினர் அட்டை, கடன் பாக்கி இல்லை என்று செயலாளர் கையெழுத்திட்ட சான்று. சங்கத்துக்கும் துணைப்பதிவாளருக்கும் ஆணையத்துக்கும் முகவரி எழுதிய மூன்று உறைகள். மனுத்தாக்கல் அன்று காலை சங்கத்துக்குப் போகும் முன் தபாலாபீஸ் போகணும் என்று அண்ணனிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.